பட்டப்பகலில் எரிந்த விளக்கு

தெருமூலையில் மோட்டார் சைக்கிளோடு நின்ற போலீஸ்காரரைக் கண்டதும், காரை ஓட்டிக்கொண்டிருந்த ஓசெல்லா வேகமுள்ளைப் பார்த்தாள். மாண்ட்கமரி நகரத்துக் கறுப்பர்கள், வெள்ளைக்காரர்கள் பஸ்ஸில் தங்களை இழிவாக நடத்தியதால், இனி பஸ் ஏறுவதில்லை என்று சபதம் எடுத்து இரண்டு மாதம் ஆகியிருந்தது. கார் வைத்திருந்த கறுப்பர்கள்தான் மற்றவர்களை வேலைக்குக் கொண்டுபோய் விட்டார்கள். ஓசெல்லாவின் கணவர் சவ அடக்கத் தொழில் செய்பவர். துக்க வீட்டார் ஏறும் அவருடைய நீளமான கறுப்புக் காரில் காலைதோறும் சமையற்காரிகளும் ஆயாக்களும் நெருக்கியடித்துக்கொண்டு போனார்கள். வேகமாகப் போனாய், மெதுவாகப் போனாய் என்று போலீசும் சளைக்காமல் அபராதச் சீட்டு கிழித்தது. இன்னொரு சீட்டு விழுந்தால் ஓசெல்லாவின் லைசென்ஸ் போய்விடும். அப்புறம் இத்தனை பேரையும் யார் சுமப்பது?

"அக்கா, நம்மளத்தான் மொறைக்கிறான்," என்றாள் பின்சீட்டு எர்லீன்.

"வாய மூடிட்டு உக்காருடி!"

பதற்றத்தில் ஓசெல்லாவின் கை தானாக எதையோ இழுத்தது. ஹெட்லைட் எரிந்தது, பட்டப்பகலில். சவ ஊர்வலத்தில் பகலிலும் விளக்கைப் போட்டு ஓட்டிப் பழகிய பாழாய்ப்போன கை! அணைப்பதற்குள் எதிரே வந்த லாரி ஓரங்கட்டி நின்றுவிட்டது. எப்பேர்ப்பட்ட கிராதகனும் பிணத்துக்கு வழிவிடும் ஊர் அது. போலீஸ்காரர் தொப்பியைக் கழற்றி நெஞ்சோடு வைத்துக்கொண்டார்.

எர்லீன் களுக்கென்று சிரித்தாள். பக்கத்திலிருந்த டெம்ப்பியம்மா அவள் தொடையில் ஒரு கிள்ளு கிள்ளினாள்.

"சிரிச்சே, கொன்னுடுவேன். அழுடி!"

கார் முழுக்க ஒப்பாரி கிளம்பியது. போலீஸ்காரர் கைகாட்டிக் காரை நிறுத்தி ஜன்னலருகே குனிந்தார்.

"பொணப்பொட்டி எங்க, பொண்ணு?"

டெம்ப்பியம்மா மூக்கை உறிஞ்சினாள்.

"முன்னாடி போயிருச்சுங்கய்யா. நாங்கதான் பின்தங்கிட்டோம்."

அவர் நடுத்தெருவில் போய் நின்று, விசில் ஊதிக் குறுக்கே வந்த வண்டிகளை எல்லாம் நிறுத்தினார். முதலில் நின்றது ஒரு பஸ். உள்ளே ஆள் இல்லை. முன்பெல்லாம் கறுப்பர்களிடம் முன்வாசலில் காசை வாங்கிக்கொண்டு, பின்வாசலுக்கு ஓடு என்பார்கள். ஓடிப் போய்ச் சேர்வதற்குள் புழுதியைக் கிளப்பிக்கொண்டு பறந்துவிடும். அந்த பஸ்தான் இப்போது உறுமிக்கொண்டு நின்றது. வெள்ளைக்கார டிரைவர் தொப்பியை மடியில் வைத்துத் தலை குனிந்திருந்தார்.

ஓசெல்லாவுக்குக் கொண்டாட்டம் தாங்கவில்லை. கண்ணில் நிஜமாகவே நீர் வந்தது.

"சீக்கிரம் ஓட்டு அக்கா!" என்று கிசுகிசுத்தாள் எர்லீன்.

ஓசெல்லா பஸ்ஸின் மூக்குக்கு நேரே, வண்டியை இன்னும் மெதுவாக ஓட்டினாள்.