நாய்க்குத் துப்பத் தெரியாது

அந்த நாயின் வாய் நாறுகிறது என்பது எங்கள் படிக்கட்டுத் தெருவில் எல்லாருக்கும் தெரியும். யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஒருவருடைய நாயாக இருந்தால் சொல்லிவிடலாம். இது எல்லாருடைய நாய். குறை சொல்கிறவர் தலையிலேயே வேலையையும் கட்டிவிடுவார்கள் என்று ஆளாளுக்கு மூக்கை வேறு பக்கம் திருப்பிக்கொண்டு தடவிக் கொடுத்தோம்.

துறைமுக நகரமான வால்பராய்சோவின் குன்றுகளில் இப்படி ஒரு நாய் இல்லாத படிக்கட்டு கிடையாது. எங்களுடையது காலையில் செஞோரா எர்மெலிந்தாவின் மளிகைக் கடை வாசலில் 'அட்மிரல்'. அங்கே வெண்ணெய் தடவிய ரொட்டி முனை. கொஞ்சம் மேலே ஏறினால் டிவி பழுது பார்க்கும் ஓஸ்மான் வீட்டில் 'கருப்பன்'. அங்கே சாசேஜ். அதற்கும் மேலே, பியானோ சொல்லித்தரும் அக்கா தங்கை வீட்டில் 'பேப்பே'. அங்கே நடுவில் பால் இனிப்பு வைத்த பிஸ்கட். அந்தப் பிஸ்கட்தான் பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் காரணம் என்று எர்மெலிந்தா இன்றைக்கும் சொல்வார். தன் வெண்ணெயைப் பற்றிப் பேச்சே எடுக்கமாட்டார்.

ஒரே ஒரு வாசலில்தான் நாய் நிற்காது. நீலக் கதவு போட்ட தோன் நிபால்தோ வீடு. பெண்களுக்கு 'செஞோரா' போல ஆண்களுக்கு 'தோன்' எங்கள் ஊர் மரியாதை. அந்த இடம் வந்ததும் எதிர்ச் சுவரோரமாக ஒதுங்கி, சண்டை போட்ட சம்பந்தி வீட்டைக் கடப்பதுபோல முகத்தைத் திருப்பிக்கொண்டு ஏறிவிடும்.

காரணம் பழையது. கம்பியில் இழுபட்டுக் குன்றில் ஏறி இறங்கும் விஞ்ச் வண்டியின் வாசலில் டிக்கெட் வாங்கி உள்ளே விடும் வேலையில் இருந்தவர் நிபால்தோ. மற்ற குன்றுகளில் நாய்கள் ஜன்னலோர இடம் பிடித்துக் கடல் பார்த்தபடி போகும். எங்கள் விஞ்சில் அது நடக்காது. "நீங்க இறங்குங்க" என்பார் நிபால்தோ. அவர் யாரையும், நாயையும்கூட, 'நீங்க' என்றுதான் சொல்வார். மரியாதையாகச் சொல்லிவிட்டுப் பிடரியைப் பிடித்து இறக்கிவிடுவார். அந்த இரும்புக் கதவில் வால் மாட்டிக்கொள்ளுமோ என்ற பயத்தில்தான் இறக்கினார் என்பது எங்களுக்கெல்லாம் வெகுநாள் கழித்துத் தெரிந்தது. நாய்க்கு அதை யார் சொல்வது?

ஓய்வு பெற்றதும் முதல் வேலையாக ஒரு பீங்கான் கிண்ணம் வாங்கிக் கதவுக்குப் பின்னால் வைத்தார். அடியில் கடைக்காரன் ஒட்டிய விலைச் சீட்டைக்கூடக் கிழிக்கவில்லை. தனியாக இருக்கும் மனிதர் வாசலோரம் கிண்ணம் வைத்தால் எதற்கு என்று கேட்கவா வேண்டும்? யாரும் எட்டிப் பார்க்கவில்லை. அவர் ஜன்னல் அந்த உயரத்தில் இருக்கிறது, அவ்வளவுதான். கிண்ணத்தில் தூசி படியும். துடைப்பார். மறுபடி படியும்.

இலையுதிர்காலத்தில் நாயின் கன்னம் ஒரு பக்கம் உருண்டையாக வீங்கியது. கண்ணுக்குக் கீழே சீழ். எர்மெலிந்தாவும் ஓஸ்மானும் போர்வையில் சுற்றித் தூக்கிக்கொண்டு போனார்கள். கடைவாய்ப் பெரிய பல் அழுகியிருந்தது. கால்நடை டாக்டர் யாஸ்னா அதைப் பிடுங்கி எடுத்துவிட்டு, கையைக் கழுவிக்கொண்டே சொன்னார்:

"இந்தத் தடவை மயக்க மருந்தைத் தாங்கிக்கிச்சு. இதயத்துல இரைச்சல் கேக்குது. இன்னொரு தடவை தாங்கும்னு நான் சொல்ல மாட்டேன். மிச்சப் பல்லைக் காப்பாத்தணும்னா தினமும் தேய்ச்சு விடணும்."

"தினமுமா? நானே தினமும்..." என்று ஆரம்பித்த ஓஸ்மான் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

"தினமும். முடியாத வாரத்துல ஒரு நாள் விட்டு ஒரு நாளாவது. அதுக்கும் கம்மின்னா தேய்க்கிறதே வீண். பல்லுல படியற அழுக்கு ரெண்டு மூணு நாள்ல கல்லாயிடும். கல்லானப்புறம் பிரஷ்ஷால ஒண்ணும் ஆகாது."

எர்மெலிந்தா எதையும் தள்ளிப்போடும் ஆள் இல்லை. காயம் ஆறியதும் நாயை முழங்கால்களுக்கு நடுவில் இடுக்கி, வாயைப் பிளந்து, தன் புதினா பேஸ்ட்டையே பிரஷ்ஷில் தாராளமாகப் பிதுக்கி, தரை தேய்ப்பதுபோல் தேய்த்தார். அட்மிரல் நுரை கக்கியது. அரிசி மூட்டைமேல் வாந்தி எடுத்தது. திமிறிக்கொண்டு ஓடிப்போய், அந்த வாரம் முழுக்கக் கடைப் பக்கமே தலைகாட்டவில்லை.

விஷயம் கேட்ட டாக்டர் தலையில் கை வைத்துக்கொண்டார். "மனுஷங்க பேஸ்ட்டா? நாய்க்குத் துப்பத் தெரியாது செஞோரா. போட்டதெல்லாம் வயித்துக்குத்தான் போகும். சில பேஸ்ட்டுல இருக்கிற இனிப்பு நாய்க்கு விஷம். நல்லவேளை, உங்களுதுல அது இல்ல."

காலையில் அந்த மூஞ்சியில்தான் விழிப்பவர் எர்மெலிந்தா. கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்து அழுதார். சில்லறை கொடுக்கும்போதும் அழுதார். அதைப் பார்த்ததும் படிக்கட்டு முழுக்கப் பீதி பரவியது. நாயின் வாயில் கை வைப்பவர் வீட்டுக்கு நாய் வராது என்று முடிவாகிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை கடை வாசலில் கூடிப் பேசினோம். ஓஸ்மானுக்குக் கை நடுங்குமாம். டிவிக்குள் பொடிக் கம்பியைப் பற்றவைக்கும்போது மட்டும் நடுங்காது போலிருக்கிறது. பியானோ சகோதரிகளுக்கு விரல்தான் பிழைப்பு.

ரொட்டி வாங்கப் பையோடு வந்து ஓரமாக நின்றிருந்தார் நிபால்தோ. எர்மெலிந்தாவின் கண் அவர்மேல் விழுந்தது.

"தோன் நிபால்தோ செய்யட்டுமே. அவர்கிட்ட அது ஏற்கெனவே பேசறதில்ல. புதுசா கெட்டுப்போக என்ன இருக்கு?"

சொன்ன பிறகுதான் எர்மெலிந்தாவுக்கே சுருக்கென்றது. நிபால்தோ பையின் காதை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றினார். கெட்டுப்போக ஒன்று இருந்தது. கதவுக்குப் பின்னால் சீட்டோடு இருந்தது. என்றைக்காவது ஒருநாள் நாய் பழையதை மறந்து அந்த ஒரு வாசலைக் கடக்காமல் நிற்கும் என்றுதான் அவர் தினமும் தூசி துடைத்தார். பிடரியைப் பிடித்த கை இனி வாயிலும் நுழைந்தால் அந்த ஒருநாள் வரவே வராது. நுழையாவிட்டால் இன்னொரு பல், இன்னொரு ஊசி, நாயே எழுந்திருக்காமல் போகலாம்.

"எந்த நேரத்துலன்னு சொல்லுங்க" என்றார்.

மறுநாள் கோட்டெல்லாம் போட்டுக்கொண்டு டாக்டரிடம் போனார். டாக்டர் ஒரு பொம்மை நாயின் உதட்டைத் தூக்கிக் காட்டினார். "வாயைத் திறக்கவே வேண்டாம். உதட்டைத் தூக்கினாப் போதும். பல்லோட வெளிப்பக்கம்தான் முக்கியம், உள்பக்கத்தை நாக்கு பார்த்துக்கும். பிரஷ்ஷை ஈறுல சாய்ச்சு வச்சு சின்னச் சின்ன வட்டமா. கடைவாயை மறந்துடாதீங்க. நாய்க்குன்னே பேஸ்ட் இருக்கு, கறி வாசனையில. ஆனா முதல் நாளே பிரஷ்ஷைத் தூக்கிட்டுப் போயிடாதீங்க. விரல்ல ஆரம்பிங்க."

"அது என்கிட்ட வராது டாக்டர்."

"அப்ப நீங்க போங்க."

போனார். மத்தியான வெயிலில் நாய் கடை வாசல் படியில் படுத்திருக்கும். எர்மெலிந்தாவை அதற்குள் அது மன்னித்திருந்தது. வெண்ணெயைக் கூட்டிப் போட்டால் யாரும் மன்னிப்பார்கள். நிபால்தோ கோழி சூப்பை ஒரு கோப்பையில் எடுத்துவந்து, நாய்க்கு இரண்டு படி கீழே உட்கார்ந்தார். அதன் முகத்துக்குமேல் தன் முகம் வரக்கூடாது என்பது அவராகக் கண்டுபிடித்தது. சூப்பில் விரலைத் தோய்த்து நீட்டினார்.

"உங்களைத் தொந்தரவு பண்ண வரலீங்க. விரல் இங்க இருக்கும். இஷ்டம் இருந்தா பாருங்க."

நாய் எழுந்து போய்விட்டது. அடுத்த நாளும் போய்விட்டது.

"என்ன தோன், பொண்ணு பாக்க வந்த மாதிரி உக்காந்திருக்கீங்க" என்றார் ஓஸ்மான்.

"அவங்க முடிவு பண்ணட்டும்."

"பொண்ணு வீட்டுல காப்பியாவது குடுப்பாங்க."

அந்த வாரக் கடைசியில் நாய் எழுந்திருக்கவில்லை. கடலைப் பார்த்தபடியே, யாருடைய விரலோ என்பதுபோல, நக்கியது. நிபால்தோ அன்றைக்கு அதோடு நிறுத்திக்கொண்டார். இன்னும் வேண்டும் என்று நாய் நினைக்கும்போதே எழுந்துவிட வேண்டும் என்பது அவர் கணக்கு. பிறகு விரல் உதட்டுக்குள் போயிற்று. பிறகு விரலில் துணி சுற்றி முன்பல். உதட்டைத் தூக்கும்போதெல்லாம் "மன்னிக்கணும்" என்பார். முடிந்ததும் "ரொம்ப நன்றிங்க" என்று ஒரு துண்டு வேகவைத்த கோழி. உறுமினால் கையை எடுத்துவிடுவார். மறுநாள் ஒரு படி பின்னால் போய்த் துணியிலிருந்து தொடங்குவார். குளிர்காலம் பிறந்தபோது குழந்தைகளுக்கான மெல்லிய பிரஷ்ஷும் கறி வாசனைப் பேஸ்ட்டுமாகக் கடைவாய் வரை போய்வந்துகொண்டிருந்தார். எர்மெலிந்தா கல்லாவில் உட்கார்ந்தபடி, ரொட்டி எடுத்துத் தருவதை மறந்து பார்த்துக்கொண்டிருப்பார். சிவந்து கிடந்த ஈறு ரோஜா நிறமானது. நாய் கொட்டாவி விட்டால் இப்போது யாரும் விலகுவதில்லை.

நீலக் கதவு வந்தால் மட்டும் எதிர்ச் சுவர்தான்.

"பல்லு தேய்க்க வாயைக் காட்டுது, வீட்டுக்கு வர மூஞ்சியைக் காட்டமாட்டேங்குது" என்றார் ஓஸ்மான். "அப்படியே என் மச்சான்."

நிபால்தோ சிரித்தார். அன்று சாயங்காலமும் கிண்ணத்தைத் துடைத்தார்.

எங்கள் பக்கத்தில் ஜூன்தான் குளிர்காலம்; அந்த மாதம் வடக்கிலிருந்து புயல் வந்தது. படிக்கட்டு ஓடையாயிற்று. நனைந்துகொண்டே மத்தியான வேலையை முடித்துவிட்டு ஏறிய நிபால்தோவுக்கு மறுநாள் காய்ச்சல். எர்மெலிந்தா குடையோடு சூப் கொண்டுபோனார். படுக்கையில் கிடந்த மனிதர் சூப்பைப் பார்க்கவில்லை.

"இன்னிக்கு யார் தேய்ச்சாங்க?"

"நான்தான் போனேன். நீங்க பண்ற மாதிரியே கீழ்ப் படியில உக்காந்து, உங்க பிரஷ்ஷால, 'நீங்க வாங்க'ன்னுகூடக் கூப்பிட்டேன். வாயைத் தைச்சு வச்ச மாதிரி மூடிக்கிட்டு என்னை ஒரு பார்வை பார்த்துச்சு. எங்க மாமியார்கூட அப்படிப் பார்த்ததில்ல."

"நாளைக்கு?"

"நாளைக்கும் பாக்கறேன். நீங்க குடிங்க."

மறுநாளும் நடக்கவில்லை. ஓஸ்மான் முயன்றதில் அவர் சட்டைக் கை கிழிந்ததுதான் மிச்சம். அதற்கு அடுத்த காலை நிபால்தோ தானே எழுந்தார். கல்லாகிவிடும் என்ற ஒன்றுதான் மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்தது. போர்வையைப் போர்த்தியபடி, பிரஷ்ஷைப் பையில் போட்டுக்கொண்டு, கீழே இறங்குவதற்காகக் கதவைத் திறந்தார்.

எதிர்ச் சுவரோரம் நாய் உட்கார்ந்திருந்தது. எப்போதும் முகத்தைத் திருப்பிக்கொண்டு கடக்கும் அதே இடம். தொப்பலாக நனைந்திருந்தது. முகம் திரும்பியிருக்கவில்லை.

நிபால்தோ கூப்பிடவில்லை. கூப்பிட்டால் எழுந்து போய்விடுமோ என்று பயந்தார். சுவரைப் பிடித்துக்கொண்டு மெதுவாகக் குனிந்து, வாசலுக்குக் கீழே இருந்த ஈரப் படியில் உட்கார்ந்தார். விரலை நீட்டினார்.

"இன்னிக்கு சூப் இல்லீங்க. வெறும் விரல்தான்."

தண்ணீர் படிகளில் சலசலத்து ஓடியது. கீழே கடை வாசலில் குடையோடு நின்ற எர்மெலிந்தா மேலே ஏறவும் இல்லை, உள்ளே போகவும் இல்லை. நாய் எழுந்து உடம்பை உதறியது. படியின் குறுக்கே நடந்து வந்தது. விரலை முகர்ந்தது, நக்கவில்லை. முகவாயை அவர் முழங்காலில் வைத்து, கண்ணை மூடிக்கொண்டது.

"மன்னிக்கணும்" என்று உதட்டைத் தூக்கினார். மேல் கடைவாய், கீழ்க் கடைவாய், அந்தப் பக்கம், முன்பல். ஒரு பல்லையும் விடவில்லை. முடிந்ததும் கொடுக்கக் கோழித் துண்டு இல்லை என்பது நினைவுக்கு வந்து, "ரொம்ப நன்றிங்க, நாளைக்குச் சேர்த்துத் தர்றேன்" என்றார்.

நாய் அவரைத் தாண்டி உள்ளே போயிற்று. அடுப்பை முகர்ந்தது, கட்டில் காலை முகர்ந்தது. கதவுக்குப் பின்னால் வந்து, காய்ந்துகிடந்த கிண்ணத்தில் ஒருமுறை நாக்கைப் போட்டுவிட்டு அவரைத் திரும்பிப் பார்த்தது.

நிபால்தோ எழுந்து உள்ளே போய்க் கிண்ணத்தை எடுத்தார். குழாயைத் திறப்பதற்குமுன் அதைக் கவிழ்த்து, அடியிலிருந்த சீட்டை நகத்தால் சுரண்ட ஆரம்பித்தார். பழைய பசை, சீக்கிரம் வரவில்லை. நாய் காத்திருந்தது. தண்ணீரைக் குடித்து முடித்ததும், இங்கே வேலை முடிந்தது என்பதுபோல, பியானோ சகோதரிகள் வீட்டுக்கு ஏறிப்போயிற்று. இப்போது அங்கே பிஸ்கட் இல்லை, கேரட்தான், ஆனாலும் போகும்.

அதற்குள் எர்மெலிந்தா மூச்சு வாங்க மேலே வந்துவிட்டார். மறுபடி ஈரப் படியில் வந்து உட்கார்ந்திருந்தவரைப் பார்த்தார். நகத்தில் ஒட்டியிருந்த சீட்டுத் துணுக்கைப் பார்த்தார். கேட்க அவருக்கு ஆயிரம் இருந்தது.

"கதவைச் சாத்திட்டுப் போய்ப் படுங்க தோன். காத்து ஊதுது" என்றார்.

"கொஞ்ச நேரம் திறந்தே இருக்கட்டும் செஞோரா" என்றார் நிபால்தோ. "இறங்கி வர்றப்ப இந்தப் பக்கமாத்தானே வரணும்."