சுற்றிக்கொண்டே இருந்த வட்டம்

திரையில் இருந்த மஞ்சள் வண்டிப் படத்தின்மேல் பொம்மையன் இரண்டு தட்டுத் தட்டினார். வட்டம் ஒன்று சுற்றியது. திரை கறுத்தது. இதோ வந்துவிடும் என்று ஸ்டீயரிங்கை இறுக்கிப் பிடித்து, வலது காலை பெடலுக்கு மேலே தூக்கி வைத்துக் காத்திருந்தார். ஐந்து மூச்சு விட்டிருப்பார். மில்லின் பெயர் போட்ட பழைய நீலத் திரையே திரும்ப வந்து நின்றது.

"திரும்பவும் வெளிய தள்ளிருச்சு தாயி" என்றார்.

ஆனந்தி குடோன் கணக்கரிடமிருந்து வந்த சீட்டுகளைக் கட்டிக்கொண்டிருந்தாள். ஆபீஸில் கம்ப்யூட்டர் தெரிந்தவள் அவள் ஒருத்திதான் என்பதால் இந்தத் தலைவலியும் அவள் தலையில் விழுந்திருந்தது. "எத்தன தடவைண்ணே?"

"பதினேழு. எண்ணிக்கிட்டுத்தான் இருக்கேன்."

நத்தம் ரோட்டில் இருக்கும் அந்த நூல் மில்லில் பொம்மையன் இருபத்தாறு வருடமாக லோடுமேன். அறுபது கிலோ நூல் மூட்டையைத் தோளில் ஏற்றி, பலகைமேல் நடந்து, லாரிக்குள் இறக்குவது வேலை. இந்தத் தை மாதம் மில் முதலாளி மூட்டையைத் தூக்கி அடுக்கும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி ஒன்று வாங்கினார். அதை ஓட்டுவதற்கு லோடுமேன்களிலேயே ஒருவரை எடுப்பதாகச் சொன்னார். வண்டி விற்ற கம்பெனிக்காரர்கள் ஒரு நிபந்தனை வைத்தார்கள். நிஜ வண்டியில் ஏறுவதற்கு முன்னால் கம்ப்யூட்டர் விளையாட்டில் பத்து மணி நேரம் ஓட்டிப் பழக வேண்டும். அதற்கென்று சாவி வைத்த ஒரு ஸ்டீயரிங், பெடல், கம்ப்யூட்டர் எல்லாம் கொண்டுவந்து குடோன் மூலையில் ஒரு மேஜைமேல் வைத்துவிட்டுப் போனார்கள். சனிக்கிழமை பதினோரு மணிக்கு அவர்கள் ஆள் வந்து பார்ப்பார். தேறும் ஆள் இல்லையென்றால் மதுரையிலிருந்து லைசென்ஸ் உள்ள டிரைவரைக் கூப்பிட்டுக்கொள்ள வேண்டியதுதான்.

பேர் கொடுத்தவர்கள் இரண்டு பேர். ஒருவன் டோனி, முப்பது வயது, வேடிக்கைக்குப் பேர் கொடுத்தவன். இன்னொருவர் பொம்மையன். அவருக்கு வேடிக்கை இல்லை. வலது முழங்கால் மூட்டில் ஜவ்வு தேய்ந்துவிட்டதாகப் பெரியாஸ்பத்திரி டாக்டர் படம் பிடித்துக் காட்டியிருந்தார். "இன்னும் ஆறு மாசம் மூட்டை தூக்குனீங்கன்னா அப்புறம் நீங்களே மூட்டைதான்" என்றும் சொல்லியிருந்தார். மில்லில் உட்கார்ந்து செய்யும் லோடு வேலை அந்த ஒரு சீட்டுதான்.

அன்று திங்கட்கிழமை. ஆனந்தி போனை ஸ்பீக்கரில் போட்டாள். எதிர்முனையில் மில்லுக்குக் கம்ப்யூட்டர் பார்க்கும் பிராங்கிளின், திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டு பக்கம் கடை வைத்திருப்பவன்.

"ரீஸ்டார்ட் பண்ணிப் பாத்தீங்களா?"

"மூணு தடவ."

"ஸ்டீயரிங் வயரைக் கழட்டி மாட்டிப் பாருங்க."

மாட்டினார்கள். வட்டம் சுற்றியது. வெளியே தள்ளியது.

"அப்ப இன்னொரு தடவ ரீஸ்டார்ட் பண்ணுங்க."

"ஏப்பா தம்பி," என்று பொம்மையன் போனுக்குள் குனிந்தார், "அணைச்சுப் போட்டா சரியாயிரும்னா எங்க வீட்டு மோட்டாரு, எம் முழங்காலு எல்லாம் என்னைக்கோ சரியாயிருக்கணுமே!"

"நாளைக்கு நேர்ல வாரேண்ணே."

ஆறரைக்குச் சங்கு ஊதியது. எல்லோரும் போன பிறகு, முழங்கால் காரணமாக எப்போதும் கடைசி ஆளாக நடக்கும் பொம்மையன், கதவோரம் நின்று வழக்கம்போல மெயினை இறக்கினார். குடோன் இருண்டது. சுவிட்சுக்கு மேலே ஒரு போர்டு தொங்கியது: 'கடைசியாகப் போகிறவர் மெயினை அணைத்துவிட்டுப் போகவும்.' மூன்று வருடத்துக்கு முன் பக்கத்து ஷெட்டில் பஞ்சு பற்றி எரிந்த பிறகு மாட்டியது அது. நாற்பத்தெட்டு வயதில் மாதா கோயில் பின்புறம் ஞாயிறு மதிய வகுப்பில் எழுத்துப் பழகியபோது, புத்தகத்துக்கு வெளியே அவர் முழுதாக வாசித்த முதல் வரி அதுதான். வாசிக்கவே இரண்டு வாரம் பிடித்தது. அவ்வளவு பாடுபட்டு வாசித்ததை மீற அவருக்கு மனம் வராது.

செவ்வாய் மதியம் பிராங்கிளின் வந்தான். ஒற்றைக் காதில் போன் பேசும் கருவி, தோளில் பை. கொஞ்ச நேரம் தட்டிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான்.

"கேம் பாதிதான் இருக்கு. மொத்தமா நெட்ல இருந்து திரும்ப எறக்கணும். இந்த நெட்டு நத்தை. பன்னெண்டு மணி நேரம் ஆகும். இடையில அறுந்துச்சுன்னா பழையபடி மொதல்ல இருந்துதான். ஓட விட்டுட்டுப் போறேன். முடிஞ்சதும் தானா ஆஃப் ஆயிரும். காலையில ஆஃப் ஆகி இருந்துச்சுன்னா வேலை முடிஞ்சதுன்னு அர்த்தம்."

இதையெல்லாம் ஆனந்தியிடம் சொன்னான். பொம்மையன் அந்த நேரம் லாரியில் நின்றார்.

புதன் காலையில் கம்ப்யூட்டர் ஆஃப் ஆகித்தான் இருந்தது. ஆனந்தி சந்தோஷமாக அதைப் போட்டாள். வட்டம் சுற்றியது. திரை கறுத்தது. வெளியே தள்ளியது.

"ஆன்டி வைரஸ் தின்னுருக்கும்" என்றான் பிராங்கிளின் போனில். "புதுசா எறக்குற ஃபைலை அதுதான் கொறிச்சுப் போடும். அதை நிறுத்திட்டுத் திரும்ப எறக்குங்க." அவன் சொல்லச் சொல்ல ஆனந்தி தட்டினாள். பத்து மணிக்கு ஓடத் தொடங்கியது.

வியாழன் காலை. ஆஃப். போட்டார்கள். வட்டம்.

"என்னாண்ணே, வண்டி கெளம்பிருச்சா?" என்று டோனி மூட்டையோடு போகிற போக்கில் கேட்டான். அவன் கட்டிய ஓர் எலுமிச்சம்பழமும் மிளகாயும் ஸ்டீயரிங்கில் தொங்கின. "கண்ணுபட்டுப் போச்சுண்ணே. ஓட்டாத வண்டிக்கு ஊரு கண்ணு அதிகம்."

"ஏலே, ஒனக்கென்ன, ஓடுனா ஓடுது ஓடாட்டிப் போகுது. போடா அங்கிட்டு."

"கோவப்படாதண்ணே. இம்புட்டு வருசம் நீ மூட்டையச் சுத்துன. இப்ப ஒன்னைய வட்டம் சுத்துது."

சிரித்தவர்களில் ஆனந்தியும் ஒருத்தி. பொம்மையனுக்கு எலுமிச்சம்பழத்தைப் பிடுங்கி அவன் மண்டையில் எறியத் தோன்றியது. மூட்டை தூக்கும்போது கனம் தெரியும். எங்கே பிடித்தால் தூக்கலாம் என்றும் தெரியும். இந்தச் சனியனை எங்கே பிடிப்பது? ஏன் வரமாட்டேன் என்கிறது என்று அது ஒரு வார்த்தை சொல்லவில்லை. சொன்னாலும் இங்கிலீஷில்தான் சொல்லும். தமிழில் எழுத்துக் கூட்டப் பழகியதற்கே ஒரு வாழ்நாள் போய்விட்டது.

பிராங்கிளின் மதியம் வந்து மூடியைக் கழற்றி உள்ளே ஏதோ பச்சைத் தகட்டை மாற்றினான். தூசி ஊதினான். வயரை மாற்றினான். திரும்பவும் இறக்கப் போட்டான். "இந்தத் தடவ வரலைன்னா நான் தொழில விட்டுர்றேண்ணே" என்றான்.

ஆறரைக்குச் சங்கு. பொம்மையன் மேஜையைக் கடந்து போனார். திரை கறுப்பாக இருந்தது. தூங்குகிறது என்று நினைத்துக்கொண்டார். 'நாளைக்காவது எழுந்திரு' என்று அதன் தலையில் ஒரு தட்டுத் தட்டினார். போய் மெயினை இறக்கினார்.

வெள்ளிக்கிழமை காலையிலும் வட்டம் சுற்றி வெளியே தள்ளியபோது, பொம்மையனுக்குக் கண் கலங்கிவிட்டது. கோபத்தில்தான்.

பத்து மணிக்கு மேனேஜர் ராயப்பராஜ் குடோனுக்குள் வந்தார். பிராங்கிளின் மேஜைக்கு அடியில் படுத்துக் கிடந்தான்.

"வெளிய வாப்பா. நாலு நாளு. ஒரு வெளையாட்டு சாமானத் தொறக்க நாலு நாளு! இனி மில்லுப் பக்கம் நீ வர வேணாம். வேற கடையப் பாத்துக்குறோம். ஆனந்தி, மதுரைக்காரருக்குப் போனப் போடும்மா. டிரைவர வரச் சொல்லு."

பிராங்கிளின் தவழ்ந்து வெளியே வந்தான். சட்டையெல்லாம் பஞ்சு. "சார், ஒரு நிமிசம் சார். என் வேலையில கொறை இல்ல. இப்பத்தான் உள்ள பதிவப் பாத்தேன். மொதல்லயே பாத்துருக்கணும், புத்தி கெட்டுப் போய் பாக்கல. இது தானா ஆஃப் ஆகல. டபக்குனு கரண்டு போயிருக்கு. நேத்து ஆறு அம்பத்தஞ்சு. முந்தாநாளு ஆறு அம்பத்தஞ்சு. செவ்வாக்கெழமை ஆறு அம்பத்தாறு."

"இந்த வாரம் கரண்டே போகலையே" என்றாள் ஆனந்தி.

"கேட்டியா? வாயத் தொறந்தாப் பொய்யி" என்றார் ராயப்பராஜ்.

"இல்ல சார், கரண்டு நின்னாலும் யுபிஎஸ் பேட்டரி இருபது நிமிசம் தாங்கும். அப்படின்னா ஆறு முப்பத்தஞ்சுக்கு..."

அதற்குமேல் அவன் பேசியது பொம்மையன் காதில் விழவில்லை. ஆறு முப்பத்தைந்து. அவருடைய வலது கைதான் முதலில் அதைப் புரிந்துகொண்டது. அது இடுப்பு வேட்டிக்குப் பின்னால் போய் ஒளிந்தது.

பேசாமல் இருந்துவிடலாம். பையன் போவான், மதுரைக்காரன் வருவான். சொன்னாலும் மதுரைக்காரன் வரத்தான் போகிறான்; கூடவே டோனி வாயில் அடுத்த பொங்கல்வரைக்கும் அரைபட வேண்டும். ஆனால் பையன் சட்டையில் ஒட்டியிருந்த பஞ்சைப் பார்க்கப் பொறுக்கவில்லை.

"நாந்தாங்க சார்."

"எதுப்பா?"

"மெயின நாந்தான் அணைச்சேன். தெனமும்."

குடோனே நின்றுபோனது. ஒரு மூட்டையைப் பாதி ஏற்றிய நிலையில் டோனிகூட அப்படியே நின்றான்.

"கம்ப்யூட்டரு ஓடுதுன்னு தெரியாதாய்யா ஒனக்கு?"

"தெரை கறுப்பா இருந்துச்சு சார். எங்கிட்ட யாரும் சொல்லல. போர்டுல போட்டுருக்கே சார், கடைசியாப் போறவரு அணைக்கணும்னு."

எல்லோரும் போர்டைப் பார்த்தார்கள். அடியில் மேனேஜரின் கையெழுத்து இருந்தது. ராயப்பராஜ் போர்டுக்கு முதுகைக் காட்டித் திரும்பினார். "ஒரு நாளாவது மறந்து தொலைச்சிருக்கக் கூடாதாய்யா?" என்றார்.

பிராங்கிளின் மேஜை விளிம்பில் உட்கார்ந்து தலையில் கை வைத்துக்கொண்டான். "ரேம மாத்துனேன். வயர மாத்துனேன். ஆன்டி வைரஸைக் கொன்னேன். அண்ணே, நீங்கதானாண்ணே அந்த வைரஸு?"

டோனி மூட்டையைக் கீழே போட்டுவிட்டுச் சிரித்த சிரிப்பு சாலைவரை கேட்டிருக்கும். மேனேஜர் முறைத்ததும் அடக்கிக்கொண்டான்.

"சரி, இன்னைக்கு ஒரு நாளு அணைக்காமப் போ" என்றார் ராயப்பராஜ்.

பொம்மையன் தலையை ஆட்டினார். "வேணாம் சார். உள்ள அம்புட்டும் நூலு. அன்னைக்குப் பக்கத்து ஷெட்டுல நாந்தான் தண்ணி எறைச்சேன். எனக்குத் தூக்கம் வராது. ஆபீசுல கரண்டு நிக்காதுல்ல? பெட்டியத் தூக்கிட்டு அங்கிட்டுப் போயிருவோம். சனிக்கெழமை பதினொண்ணுவரைக்கும் எனக்கு நேரம் குடுங்க. அப்பவும் தொறக்கலைன்னா நானே மதுரைக்காரருக்கு டீ வாங்கிக் குடுக்குறேன்."

ராயப்பராஜ் ஆபீஸ் பக்கம் கையைக் காட்டினார். "தூக்கு" என்றார்.

யாரையும் தொடவிடாமல் பொம்மையனே கம்ப்யூட்டர் பெட்டியைத் தோளில் ஏற்றினார். பழக்கம். ஒரு நூல் மூட்டையின் கனத்தில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை; ஆனாலும் வெயிலில் முற்றத்தைக் கடப்பதற்குள் வேர்த்துப் போனது. பன்னிரண்டு மணிக்கு ஆபீஸில் கேமை இறக்கும் வேலை தொடங்கியது. அந்தச் சாயங்காலம் குடோன் மெயினை இறக்கிவிட்டு, நொண்டி நொண்டி ஆபீஸ் ஜன்னல்வரை போய், பெட்டியில் பச்சை விளக்கு எரிகிறதா என்று பார்த்துவிட்டுத்தான் பஸ் ஏறினார்.

சனிக்கிழமை எட்டு மணி. ஆனந்தி தட்டினாள். வட்டம் சுற்றியது. திரை கறுத்தது. பொம்மையன் கண்ணை மூடிக்கொண்டார்.

"அண்ணே, வந்துருச்சு!"

மஞ்சள் வண்டி ஒன்று பெரிய குடோனுக்குள் உறுமிக்கொண்டு நின்றது. பக்கத்தில் சிவப்பில் ஏதோ எழுத்து மின்னியது.

"என்ன சொல்லுது?"

"ஸ்டீயரிங்கக் காணோம்ங்குது."

ஸ்டீயரிங் எலுமிச்சம்பழத்தோடு குடோன் மேஜையிலேயே கிடந்தது. டோனி ஓடிப்போய்த் தூக்கி வந்தான். "பழத்தக் கழட்டாத, அதுதான் வேலை செஞ்சிருக்கு" என்றான்.

பதினோரு மணிக்குக் கம்பெனி ஆள் நூர் அகமது வந்தார். அதற்குள் இருவரும் மாற்றி மாற்றி ஆளுக்கு ஒரு மணி நேரம் ஓட்டியிருந்தார்கள். குறித்த நேரத்துக்குள் பத்து அடுக்கு வைப்பதுதான் பரீட்சை. முதலில் டோனி. பம்பரமாகச் சுற்றினான். பத்து அடுக்கும் வைத்துவிட்டு, "எப்பூடி!" என்று நாற்காலியிலிருந்து துள்ளி எழுந்தான்.

அடுத்து பொம்மையன். ஒரு தூணில் இடித்தார். ஓர் அடுக்கைச் சரித்தார். நாலே நாலு அடுக்கு வைப்பதற்குள் நேரம் முடிந்தது. சட்டை முதுகோடு ஒட்டியது. போச்சு என்று தெரிந்துவிட்டது. எழுந்திருக்கும் முன் மூட்டையைத் தாங்கும் இரும்பு முள்ளைத் தரைக்கு இறக்கினார், பிரேக்கைப் போட்டார், சாவியைத் திருப்பி வண்டியை அணைத்தார். உறுமல் நின்றது.

நூர் அகமது பேனா மூடியைக் கடித்தார். "ரெண்டு பேரும் தேறல. பத்து மணி நேரம் ஓட்டச் சொன்னா ஒரு மணி நேரம் ஓட்டிட்டு வந்துருக்கீங்க. தம்பி, நீ நல்லா ஓட்டுற. ஆனா முள்ள ஆறடி ஒசரத்துல விட்டுட்டு, வண்டியையும் அணைக்காம எறங்கி ஓடிட்ட. நெசத்துல அப்படி எறங்குனா ஆளு செத்துருவாங்க." பொம்மையன் பக்கம் திரும்பினார். "ஓட்டுறது பழகிரும். அணைக்கிறதுதான் ஒருத்தனுக்கும் வராது. இவருக்குத் தானா வருது. இவரு பத்து மணி நேரத்த முடிக்கட்டும், அடுத்த சனிக்கெழமை நெச வண்டில ஏத்திப் பாக்குறேன். மதுரைக்கு இப்பப் போன் போட வேணாம்."

ஆனந்தி வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடினாள். ராயப்பராஜ் பலமாக இருமினார். நூர் அகமதுவுக்கு ஏன் என்று புரியவில்லை.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு பொம்மையன் மிச்சமுள்ள ஒன்பது மணி நேரத்தில் ஒன்றையாவது கழித்துவிடலாம் என்று ஆபீஸுக்கு வந்தார். படத்தைத் தட்டினார். வட்டம் சுற்றியது.

"என்னாச்சு தாயி?"

"அப்டேட்டு கேக்குதுண்ணே." ஆனந்தி பாவமாகப் பார்த்தாள். "நாலு மணி நேரமாம்."

பொம்மையன் வாயில் வந்ததெல்லாம் பெண்பிள்ளை முன்னால் சொல்லக்கூடியது இல்லை. அப்போதுதான் ஆபீஸ் சுவிட்சுக்கு மேலே புதிதாக ஓர் அட்டை ஒட்டியிருப்பதைக் கண்டார். பக்கத்தில் போய் எழுத்துக் கூட்டினார்.

'பொம்மையன் அண்ணன் இதை அணைக்கக் கூடாது.'

இரண்டு முறை வாசித்தார். போர்டில் அவர் பெயரை இதுவரை யாரும் எழுதியதில்லை.

"இதையும் எழுதிப் போட்டாச்சுல்ல" என்று முனகிக்கொண்டே ஒரு ஸ்டூலை இழுத்துச் சுவிட்சுக்கு அடியில் போட்டார். முழங்காலை நீட்டி உட்கார்ந்தார். "இனி எவன் வந்து அணைக்கிறான்னு பாக்குறேன்."