அறுபத்திரண்டு கிலோமீட்டர் காற்று

முதல் நாள் சாயங்காலம் கடலில் விரித்த நண்டு வலையை மறுநாள் காலையில் தூக்கிவிட வேண்டும். தாமதித்தால் நண்டு செத்து நாறும், வலையும் கிழிந்துபோகும். சந்தியாகுவுக்கு இருப்பதே அந்த ஒரு வலைதான். ஆனால் படகை எடுக்கக் கரை அலுவலகத்தின் டோக்கன் வேண்டும். டோக்கன் தர வேண்டிய வீரபத்திரனோ மொட்டைமாடியில் நின்று காற்று மீட்டரை முறைத்துக்கொண்டிருந்தார். பரமக்குடியிலிருந்து மாற்றலாகி வந்தவர், கடலை அந்த மாடியிலிருந்து மட்டுமே பார்த்தவர்.

கச்சான் காற்று ஓய்ந்து வாடைக்காற்று இன்னும் பிறக்காத நாள். கடல் தட்டில் ஊற்றிய எண்ணெய் மாதிரி கிடந்தது. மீட்டரின் மூன்று கிண்ணங்களும் அசையவில்லை.

"மீட்டர் ரிப்பேர்ண்ணே. இதை வச்சு டோக்கன் குடுக்க முடியாது," என்றார் வீரபத்திரன்.

"காத்தே இல்ல சார், அது எப்படிச் சுத்தும்?"

"காத்து இல்லைன்னு மீட்டர்தான் சொல்லணும். மீட்டர் நல்லாயிருந்தா சுத்திக் காட்டட்டும்."

மாதாவே! இந்த மனிதரிடம் பேசுவதற்குச் சுறாவிடம் பேசலாம். சந்தியாகு மாதா கோயிலுக்கு ஓடினான். உபதேசியார் காலில் விழாத குறையாகக் கெஞ்சி, திருவிழாப் பந்தலுக்கு வைக்கும் பெரிய ஃபேனைத் தோளில் தூக்கிவந்து, மாடியில் நிறுத்தி சுவிட்சைத் தட்டினான். கிண்ணங்கள் பேயாட்டம் ஆடின.

"சுத்துது பாருங்க சார்! டோக்கனைக் குடுங்க!"

வீரபத்திரன் மீட்டரின் திரையைப் பார்த்தார். முகம் வெளிறிப்போனது.

"அறுபத்திரண்டு கிலோமீட்டர்! இந்தக் காத்துலயா கடலுக்குப் போறீக? உசுரு வேணாமா?"

"அது ஃபேன் காத்து சார்!"

"எங்கேயிருந்து வந்த காத்துன்னு எழுத படிவத்துல கட்டம் இல்லண்ணே." சொல்லிக்கொண்டே ஊர் முழுக்கப் புயல் எச்சரிக்கையை அனுப்பிவிட்டார்.

சந்தியாகு தலையில் அடித்துக்கொண்டு கரைக்கு வந்தால், ஊரே படகுகளை மேட்டுக்கு இழுத்துக்கொண்டிருந்தது. இலை அசையாத புழுக்கத்தில் ஆளாளுக்கு வியர்த்து ஊற்றியது. அவன் மனைவி பிரெசில்லா ஒரு கையில் கயிறும் ஒரு கையில் செல்போனுமாக ஓடிவந்தாள்.

"அடியே, அது நான் போட்ட ஃபேன்டி!"

"ஃபேனுக்குப் போயி கவர்மெண்டு மெசேஜ் அனுப்புமாக்கும்? வலை போனாப் போகுது, நீங்க இருந்தாப் போதும்," என்று அழுதாள்.

சந்தியாகு கடலைப் பார்த்தான். செல்போனில் சிவப்பாக மின்னிய எச்சரிக்கையைப் பார்த்தான். அறுபத்திரண்டு என்றால் சும்மாவா? வலை கிடந்த திசைக்குத் திரும்பிக்கூடப் பார்க்காமல் கயிற்றின் மறுமுனையைப் பிடித்தான்.

"நல்லா இறுக்கிக் கட்டுடி," என்றான்.