இடது பக்கத்து நாற்காலி

மாஸ்டர் என்றால் அந்தத் தெருவில் முடி வெட்டும் மாஸ்டர் ஒருவர்தான். கையில் கத்திரி ஓடும்போது அவர் வாயில் கதை ஓடும். முகமெல்லாம் நுரையோடு உட்கார்ந்திருப்பவனைச் சிரிக்க வைத்துவிட்டு, "அசையாதேப்பா, காது ரெண்டுதான் இருக்கு, ஸ்பேர் கிடையாது" என்று அவனையே அதட்டுவார். மருந்துக்கடையில் பில் போடும் வேலை முடித்து மனைவி வாசலில் வந்து நின்றால் போதும், பாதிக் கதையைக் கடையில் கூட வேலை செய்யும் தன் தம்பி தலையில் கட்டிவிட்டுக் கிளம்பிவிடுவார். இத்தனை வருஷத்துக்கு அப்புறமும் பெண்டாட்டியைக் கண்டால் மாஸ்டருக்குப் பல்லெல்லாம் தெரியுது என்று கடையில் கேலி பேசுவார்கள்.

அப்பேர்ப்பட்டவர் ஒரு நாள் டியூப்லைட் மாற்ற ஸ்டூலில் ஏறி, பிடி தவறி விழுந்தார். தலை படியில் மோதியது. மூளையின் வலது பக்கம் ரத்தம் கட்டி, அவசரமாக ஆபரேஷன் செய்தார்கள். கண் விழித்ததும் அவர் தலையைத் தடவிப் பார்த்தார்.

"யாரு மொட்டை போட்டது? கை பழகாதவன் வேலை போல இருக்கே."

தம்பி அழுதுகொண்டே சிரித்தான். மனைவி சுவரில் சாய்ந்து நின்றாள். பிழைத்துவிட்டார், பேச்சும் போகவில்லை, வேறென்ன வேண்டும் என்று நினைத்துக்கொண்டாள்.

சாப்பாட்டு நேரத்தில்தான் விஷயம் தெரிந்தது. தட்டில் வலது பாதியைத் துடைத்துவைத்ததுபோலச் சாப்பிட்டுவிட்டு, "பசி அடங்கலையே, இவ்வளவுதானா?" என்றார். இடது பாதி அப்படியே இருந்தது. தட்டைத் திருப்பி வைத்தாள். "இதை முதல்லயே கொண்டு வந்திருக்கலாம்ல?" என்று மிச்சத்தையும் சாப்பிட்டார். சட்டையில் வலது கையை மட்டும் நுழைத்துக்கொண்டு நடக்கப் பார்த்தார். முகத்தில் வலது கன்னத்தை மட்டும் மழித்துக்கொண்டார். எடுத்துச் சொன்னால் கோபம் வந்தது. அவரைப் பொறுத்தவரை எல்லாம் சரியாகத்தான் இருந்தது.

மறுவாழ்வு மையத்தில் பயிற்சி கொடுக்கும் பெண் பொறுமையாக விளக்கினாள். "கண்ணுல கோளாறு இல்லக்கா. கண்ணு பார்க்குது, மூளை வாங்கிக்க மாட்டேங்குது. அவருக்கு இடது பக்கம்னு ஒண்ணு இருக்கிறதே நினைவுல இல்ல. திருப்பித் திருப்பி அந்தப் பக்கம் இழுத்துதான் பழக்கணும்."

"எப்படி இழுக்கிறது?"

"அவருக்கு யாரை ரொம்பப் பிடிக்கும்?"

அவள் பதில் சொல்லக் கூச்சப்பட்டாள். "அண்ணியைத்தான்" என்றான் கொழுந்தன்.

"அப்போ நீங்க எப்பவும் அவருக்கு இடது பக்கமா உக்காருங்க. அங்கிருந்தே கூப்பிடுங்க, பேசுங்க, சாப்பாடு கொடுங்க. உங்களைத் தேடியாவது தலை திரும்பட்டும்."

அவள் சொன்னபடி செய்தாள். வீட்டில் அவர் நாற்காலிக்கு இடது பக்கம் தன் நாற்காலியைப் போட்டாள். "என்னங்க, இங்க பாருங்க" என்று கூப்பிட்டாள். குரல் கேட்டதும் அவர் முகம் மலரும். ஆனால் தலை வலது பக்கம்தான் போகும். அங்கே ஜன்னல் இருக்கும், இல்லையென்றால் தம்பி இருப்பான். கொஞ்ச நேரம் துழாவிப் பார்த்துவிட்டு முகம் வாடிவிடும். தாடையைத் தொட்டு மெல்லத் திருப்பினால், "அட, நீயா!" என்பார். கையை எடுத்ததும் தலை பழையபடி போய்விடும். அதோடு அவளும் போய்விட்டதாகவே அவருக்குத் தோன்றும்.

ஒரு சாயங்காலம் அவர் தம்பியிடம் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"டேய், உங்க அண்ணி சரியில்லைடா."

"ஏண்ணே?"

"குரல் கேக்குது, ஆளைக் காணோம். வேலை இருந்தா வர்றா, முடிஞ்சதும் ஓடிடுறா. பக்கத்துல பத்து நிமிஷம் உக்கார மாட்டேங்குறா. இந்தத் தையல் போட்ட தலையைப் பார்க்க அவளுக்கு அருவருப்பா இருக்கோ என்னவோ. அவளையும் குத்தம் சொல்ல முடியாது."

கை நீட்டினால் தொட்டுவிடும் தூரத்தில் அவள் உட்கார்ந்திருந்தாள். தம்பி அவளைப் பார்த்தான். அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். எழுந்து நாற்காலியைத் தூக்கி, அவரைச் சுற்றிக்கொண்டு வந்து வலது பக்கம் போட்டாள்.

"வந்துட்டியா!" என்றார் அவர். எங்கேயோ வெளியூர் போய்த் திரும்பியவளைப் பார்ப்பதுபோல் பார்த்தார். அவள் கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு விடவே இல்லை.

அதற்குப் பிறகு அவளுக்கு இடது பக்கம் போக மனசு வரவில்லை. வலது பக்கமே உட்கார்ந்தாள். வீடு பழையபடி ஆனது போலிருந்தது. அவர் பேசினார், வம்பு இழுத்தார், மருந்துக்கடை முதலாளி மாதிரியே நடந்து காட்டினார். மையத்துக்குப் போனபோது பயிற்சிப் பெண் ஒரு பூவின் படத்தை வைத்து வரையச் சொன்னாள். அவர் பூவின் வலது பக்க இதழ்களை மட்டும் வரைந்துவிட்டுப் பென்சிலைக் கீழே வைத்தார்.

"முன்னேற்றமே இல்லையேக்கா. வீட்டுல இடது பக்கம்தானே உக்கார்றீங்க?"

"ஆமா" என்று பொய் சொன்னாள்.

கடைக்குப் போக வேண்டும் என்று அவர் நச்சரிக்கத் தொடங்கினார். ஆபரேஷனுக்குப் பிறகு தளர்ந்திருந்த இடது கையில் சீப்புப் பிடிக்கும் அளவுக்குப் பலம் வந்திருந்தது. கடைசியில் தம்பி அவரைக் கடைக்குக் கூட்டிப்போய், "முதல்ல எனக்கு வெட்டுண்ணே" என்று நாற்காலியில் உட்கார்ந்தான்.

அவர் துணியை உதறிக் கழுத்தில் கட்டினார். தண்ணீர் தெளித்தார். சீப்பு தூக்கிக் கொடுக்க, கத்திரி பழைய தாளத்தில் ஓடியது. வலது காதை மடக்கி, ஓரம் எடுத்து, கிருதாவை நூல் பிடித்ததுபோல் நிறுத்தினார். அவள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். இடது பக்கத்தில் ஒரு முடியைக்கூட அவர் தொடவில்லை. பிரஷ்ஷால் கழுத்தைத் தட்டிவிட்டுத் துணியை அவிழ்த்தார்.

"எப்படிடா இருக்கு?"

கண்ணாடியில் ஒரு பக்கம் மாப்பிள்ளை போலவும் மறுபக்கம் காடாகவும் இருந்த முகத்தைத் தம்பி பார்த்தான். "பிரமாதம்ண்ணே. உன் கை உன் கைதான்" என்று சொல்லி, அந்தத் தலையோடு தெருவில் இறங்கி நடந்தான். டீக்கடையில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தரும் சிரிக்கவில்லை.

"நாளைக்கே கடையை எடுத்து நடத்துறேன்" என்றார் மாஸ்டர்.

அவளால் அதற்கு மேல் முடியவில்லை. "நீங்க பாதிதான் வெட்டியிருக்கீங்க."

"என்ன உளர்றே?"

தம்பியைத் திரும்பக் கூப்பிட்டு உட்கார வைத்தாள். அவர் கையைப் பிடித்துத் தம்பியின் இடது காது மேல் வைத்தாள். விரல்களுக்குள் முடி கொத்தாக அகப்பட்டது. அவர் தடவினார். மறுபடி தடவினார். அவள் தாடையைப் பிடித்துத் திருப்பியதும் கண்ணாலும் பார்த்தார்.

"என் கண்ணுக்குத் தெரியலையே" என்றார் கடைசியில். பிறகு ஏதோ உறைத்ததுபோல் அவளை நிமிர்ந்து பார்த்தார். "அப்போ… நீ ஓடிப் போகலையா? இந்தப் பக்கம்தான் இருந்தியா?"

"இங்கதான் இருந்தேன். எங்கேயும் போகலை."

"தினமுமா?"

அவள் தலையசைத்தாள். அவர் கத்திரியை மேசையில் வைத்துவிட்டு, வாடிக்கையாளர் நாற்காலியில் சரிந்து உட்கார்ந்து, சின்னப் பிள்ளை போல் அழுதார்.

மையத்தில் அவள் உண்மையைச் சொன்னாள். பயிற்சிப் பெண் திட்டவில்லை. "என் வீட்டுக்காரரா இருந்தா நானும் அதைத்தான் செஞ்சிருப்பேன்" என்றாள். அன்று சாயங்காலமே நாற்காலி இடது பக்கம் போனது.

"இனிமே நான் இங்கதான். காணோம்னு நினைச்சா திரும்பிப் பாருங்க" என்றாள்.

"சரி" என்றார் ஜன்னலைப் பார்த்து.

மெல்ல மெல்லச் சிலது கைகூடியது. தட்டைத் தானே திருப்பிக்கொண்டார். இரண்டு கையையும் சட்டைக்குள் விட்டார். "இடது பக்கம் பாரு, இடது பக்கம் பாரு" என்று பாடம் ஒப்பிப்பதுபோல் முணுமுணுத்துக்கொண்டே தலையைத் திருப்பினார். கத்திரியை மட்டும் அதற்குப் பிறகு தொடவில்லை. கடை தம்பி கைக்குப் போனது. இனி பெரிதாக எதுவும் மாறாது என்று டாக்டர் ஒரு நாள் பக்குவமாகச் சொன்னார்.

அன்று வீட்டுக்குத் திரும்பும் வழியில் இருவரும் ரோட்டோரம் நின்றார்கள். அவள் அவருக்கு இடது பக்கம்.

"இடது பக்கம் பாரு" என்று தனக்கே சொல்லிக்கொண்டு அவர் திரும்பினார். அவர் பார்வை அவள் முகத்தைத் தாண்டிப் போய் ரோட்டைத் துருவியது. ஒரு வண்டியும் இல்லை. பாடம் முடிந்தது.

"வா, போகலாம்" என்று வலது கையை வலது பக்கம், யாருமில்லாத இடத்தில் நீட்டினார்.

அவள் அவருடைய இடது கைக்குள் தன் கையை நுழைத்தாள். அந்த விரல்கள் மூடவில்லை. அவளே இறுக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தாள். அவர் வலது கையைத் தாழ்த்தவே இல்லை. "பார்த்து வாம்மா, என் கையைப் பிடிச்சுக்கோ" என்று அந்தப் பக்கமே சொல்லிக்கொண்டு ரோட்டைக் கடந்தார்.