யாரிடம் வாங்கிய பாட்டு

சவப்பெட்டியின் விளிம்பில் சாய்த்து வைத்திருந்த மைக்கை நாப்லா எடுத்து, ரேடியோக்காரர் ஃபர்கலின் மடியில் போட்டாள். போட்ட வேகத்தில் அவர் கையிலிருந்த தேநீர் தளும்பிக் கால்சட்டையில் கொட்டியது.

"என் தம்பி செத்தாச்சு. இன்னும் அவன்கிட்ட என்ன கேக்கப் போறீங்க?"

"இல்லக்கா, இன்னிக்கு இங்க பாடறதைப் பதிவு பண்ணி ரேடியோவுல போடலாம்னுதான்..."

அக்காவாம், அக்கா. தம்பியின் பாட்டைப் பதிவு பண்ண வருஷக்கணக்கில் கால்வே நகரத்திலிருந்து இந்த வீட்டுக்கு வந்துபோகிற ஆள். அவளிடம் தேநீர் கேட்டிருக்கிறார், மழையில் நனைந்து வந்தால் துண்டு கேட்டிருக்கிறார். பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை கேட்டதில்லை.

நேற்றுக் காலை இதே ஃபர்கல், தம்பி கோல்மனின் படுக்கையருகே பதிவு மெஷினை வைத்துக்கொண்டு கேட்டார்: "பார்ட்லாவோட பாட்டு உங்களுக்கு யார்கிட்டேருந்து வந்தது?"

யாரிடம் வாங்கினேன் என்று சொல்லாமல் அந்தக் கரையில் ஒரு பாட்டுக்காரனும் வாயைத் திறக்கமாட்டான். அதுவும் கோல்மனுக்குப் பதக்கம் வாங்கித் தந்து, அமெரிக்காவரை கூட்டிக்கொண்டு போன பாட்டு. கதவருகே நின்ற நாப்லா மூச்சைப் பிடித்துக்கொண்டாள். சாகப் போகிறான், இப்போதாவது சொல்லுவான்.

"தீவுல இருந்த டைக் கிழவன்கிட்ட," என்றான் கோல்மன்.

டைக் கிழவன் சீட்டியடித்தால் அவன் நாயே திரும்பிப் பார்க்காது.

அந்தப் பாட்டு நாப்லா கட்டியது. ஈஸ்டர் முடிந்ததும் அவளைக் கட்டிக்கொள்ள இருந்த பார்ட்லா வலையிழுக்கப் போய்க் கடலோடு போனான். உடம்புகூடக் கிடைக்கவில்லை. உருளைக்கிழங்கு வயலுக்கு உரமாகக் கடற்பாசி சுமந்த நாட்களில் அவள் அடியடியாகக் கட்டினாள். பின்னால் கூடையோடு வந்த தம்பி காதைத் தீட்டிக்கொண்டு வந்திருக்கிறான்.

ஃபர்கல் மெஷினை மூடிக்கொண்டு போனபிறகு கோல்மன் அவள் பக்கம் திரும்பினான்.

"அது உன் பாட்டுதான்கா. உனக்குத் தெரியும், எனக்குத் தெரியும். போதாதா?"

"போதாதுடா. அதை அந்த மெஷின்கிட்ட சொல்றதுக்கு உனக்கு என்ன கேடு?"

"கிழவன் பாட்டுன்னாத்தான் அப்ப மதிச்சாங்க. ஒரு தடவை சொல்லிட்டேன். அப்புறம் மாத்த முடியல."

கஞ்சிக் கிண்ணத்தை நங்கென்று வைத்துவிட்டு அவள் வெளியே போய்விட்டாள். சாயங்காலம் அவன் போய்ச் சேர்ந்தான். செத்தவன் மேல் கோபப்படக்கூடாதாம். அவளுக்கு உடம்பெல்லாம் எரிந்தது.

இன்று பெட்டியைச் சுற்றி ஜெபமாலை சொல்லி முடிந்து, அங்கத்துச் சாவுவீட்டு வழக்கப்படி விஸ்கி ஒரு சுற்று வந்தது. கோல்மனின் மகள் சொர்ச்சா அப்பாவின் தலைமாட்டில் எழுந்து நின்றாள். ஃபர்கல் நைசாக மைக்கை நீட்டினார்.

"அப்பாவோட பாட்டைப் பாடறேன். இது அவருக்கு டைக் கிழவர்கிட்டேருந்து..."

"வாயை மூடுடி."

சொர்ச்சா நாப்லா பக்கம் திரும்பினாள்.

"என்ன அத்தை இது? அப்பாவை முன்னாடி வச்சுக்கிட்டு..."

"உங்கப்பனை முன்னாடி வச்சுக்கிட்டுத்தான் சொல்லணும். இதை நான் யார்கிட்டயும் வாங்கல. என் பார்ட்லா செத்தப்போ நான் கட்டினேன். காது கேட்டுதா எல்லாருக்கும்?"

பக்கத்து வீட்டுக்காரி சிலுவை போட்டுக்கொண்டாள். "பாவம், துக்கத்துல ஏதோ பேசுது."

ஃபர்கலின் விரல் மெஷினை அணைக்கப் போனது.

"அணைச்சீங்க, தூக்கிக் கடல்ல எறிஞ்சிடுவேன். ஓடட்டும்."

அவர் விரலை எடுத்துவிட்டார்.

பாடுகிறவரின் கையை யாராவது பிடித்து, அடிக்கு அடி மெல்லச் சுழற்றிக்கொண்டிருப்பது அங்கே வழக்கம். கோல்மன் இந்தப் பாட்டைப் பாடிய போதெல்லாம் அவன் கையை அவள்தான் பிடித்திருக்கிறாள், பல்லைக் கடித்துக்கொண்டு. இப்போது அவளுக்கென்று ஒருவரும் எழுந்திருக்கவில்லை. சொர்ச்சா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

நாப்லா பெட்டிக்குள் கையை விட்டாள். ஜெபமாலை சுற்றியிருந்த தம்பியின் வலதுகையைப் பிடித்துத் தூக்கினாள். மணிகள் மரத்தில் இடித்தன. கண்ணை மூடிக்கொண்டு, பார்ட்லாவைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு, முதலடியை எடுத்தாள்.

விறைத்த கை சுழல மறுத்தது. அவள் இன்னும் இறுக்கிப் பிடித்துச் சுழற்றினாள்.