வளைவுக்கு நீள ஆணி

என் மனைவி செல்வலட்சுமி இறப்பதற்கு முந்தைய ஆண்டு, மூத்தோர் தடகளப் போட்டிக்காக ராஜபாளையத்திலிருந்து ஸ்ரீவில்லிபுத்தூருக்குப் போயிருந்தோம். அவளுக்கு அப்போது நாற்பத்தாறு வயது. நானூறு மீட்டரில் முதல் இரண்டு இடம் பிடித்தால் மாநிலப் போட்டிக்குப் போகலாம். முந்தின தடவை முன்னால் ஓடிவந்து, கடைசி வளைவில் வழுக்கி விழுந்திருந்தாள்.

முதல்நாள் மழை. நேர்ப்பாதை வெயிலில் காய்ந்து இறுகிவிட்டது. வேப்பமர நிழலில் கிடந்த கடைசி வளைவு மட்டும் சொதசொதவென்று இருந்தது. வெறுங்காலோடு போய் இரண்டு இடத்திலும் குதிகாலை அழுத்தித் திருகிப் பார்த்துவிட்டு வந்தாள்.

"வளைவுல உள்ள போவுது. இங்கன கல்லுதான்."

ஸ்பைக்ஸ் ஷூவின் அடியில் திருகி மாட்ட இரண்டு அளவில் ஆணிகள் வைத்திருந்தோம். நீள ஆணி ஈர மண்ணைப் பிடிக்கும். இறுகிய தரையில் இறங்காமல் காலைத் தூக்கி நிறுத்திவிடும். குட்டை ஆணி இறுகிய தரைக்குச் சரி, சேற்றில் நம்ப முடியாது.

நான் மில்லில் ஃபிட்டர். புத்தி அப்படித்தான் போனது.

"வலது ஷூவுல நீளத்தப் போடு, இடதுல குட்டைய. வளைவுல வலது காலுதான உந்தும்?"

"நொண்டியடிச்சிக்கிட்டே ஓடவா? நான் என்ன ஒங்க மில்லு மிசினா, வாஷர் வச்சு ஏத்தி எறக்க?"

அவளோடு ஓடவிருந்த சேத்தூர் யோகேஸ்வரி அந்தப் பக்கமாக வந்தாள். "எக்கா, இந்த வருசமும் மண்ணக் கும்பிட்டுத்தான் போவியளோ?"

"ஒனக்கும் சேத்துக் கும்பிடுதேன், போ."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் கை இரண்டு ஷூவுக்கும் நீள ஆணிகளையே எடுத்தது.

வளைவில் மற்றவர்கள் தயங்கித் தயங்கிக் கால் வைத்தார்கள். இவள் ஊன்றி ஓடி முதல் ஆளாக வெளியே வந்தாள். நேர்ப்பாதை தொடங்கியதும் ஓட்டம் மாறிவிட்டது. ஒவ்வோர் அடியும் தரையில் தட்டி நின்றது. யோகேஸ்வரி கடந்தாள். கோட்டுக்குச் சற்று முன்னால் இன்னொருத்தியும் கடந்தாள்.

தண்ணீர் பாட்டிலோடு ஓடினேன்.

"விழல, பாத்தீயள்லா?" என்றாள்.

ஊர் திரும்பும் பஸ் மடவார் வளாகம் தாண்டியபோது கேட்டாள்.

"குட்டை ஆணி போட்டிருந்தா ரெண்டாவதாவது வந்திருப்பேன்லா?"

"விழுந்தும் இருப்ப."

"இருக்கலாம். ஆனா நான் ஓடுறதுக்கு ஆணி மாட்டலங்க. அவ சிரிக்கக் கூடாதுன்னு மாட்டுனேன்."

"அடுத்த வருசம்?" என்றேன்.

"குட்டைதான். விழுந்தா விழுந்துட்டுப் போறேன். தூக்க நீங்க வர மாட்டீயளா?"

"ஏட்டி, நீ எம்புட்டு கனம்னு ஒனக்குத் தெரியுமா?"

அவள் என் தொடையில் அடித்த சத்தத்தில் முன்சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார்.