லாசரின் காலுக்குள் கம்பி

குத்தியது கம்பி.

உடைந்த சிலைக் குவியலை அள்ளுவதற்காகக் குனிந்த மைலின், தன் கையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டாள். விரல் நுனியில் ரத்தம் பொட்டு வைத்திருந்தது. வலி தெரியவில்லை. போலிக்குள் கம்பி எப்படி வரும் என்ற ஒரே நினைப்புதான். படத்துக்காக உடைக்கவென்றே செய்த போலி அது, வெறும் ஓடு. வெளியே சாயம் பூசிய பிளாஸ்டர், உள்ளே காற்று. அவள் ஒரு துண்டைப் புரட்டிப் பார்த்தாள். சாம்பல் நிறம், கனம். சிமெண்ட். லாசர் கிழவர் சிலையின் வலது கால், நாய் நக்கிக்கொண்டிருந்த புண்ணோடு சேர்ந்து, கம்பியில் தொங்கியது.

அப்படியானால் அப்பா உடைத்தது அசலை.

"பிரமாதம் நிவால்தோ," என்று பின்னாலிருந்து ஓதெத்தின் குரல் வந்தது. "அந்த மூணாவது அடி இருக்கே, எனக்கே தொண்டை அடைச்சுப்போச்சு. தண்ணி குடிங்க. அடுத்தது மிக்தாலியா அக்கா வர்ற காட்சி. மைலின், சீக்கிரம் பெருக்குடி கண்ணு, வெளிச்சம் போயிட்டிருக்கு."

வெளிச்சம் எப்போதும் போய்க்கொண்டேதான் இருக்கும் ஓதெத்துக்கு. அப்பாவை வைத்து டி.வி. நிகழ்ச்சி எடுப்பவள் அவள்தான். காதில் ஒரு கருவியை மாட்டிக்கொண்டு, அப்பாவின் சட்டைக் காலரில் குத்திய மைக் வழியாக அவர் விடும் மூச்சைக்கூடக் கேட்டுக்கொண்டிருப்பாள்.

மைலின் துடைப்பத்தைக் கையில் பிடித்தபடி நின்றாள். காலையில் பட்டறையைக் கழுவியது அவள்தான். படமெடுக்க வருகிறார்களே, தரை பளிச்சென்று இருக்கட்டும் என்று, துணி போர்த்திய இரண்டு சிலைகளையும் சக்கரப் பலகையோடு முற்றத்துக்குத் தள்ளினாள். தண்ணீர் ஊற்றித் தேய்த்தாள். எது எந்தப் பக்கம் நின்றது என்று பார்க்காமல் திரும்ப உள்ளே தள்ளினாள். ஜன்னல் பக்கம் நிற்பது அசல், கதவுப் பக்கம் நிற்பது போலி என்று அப்பா சொல்லியிருந்தார். தள்ளும்போது கனத்தை வைத்தும் கண்டுபிடிக்க முடியாது. முதல் அடியில் கவிழ்ந்துவிடக் கூடாதென்று போலியின் பீடத்துக்குள் மணல் கொட்டி நிரப்பியிருந்தார்கள். ஒரே ஒரு தட்டு. விரல் முட்டியால் ஒரே ஒரு தட்டு தட்டியிருந்தால் தெரிந்திருக்கும். அப்பா எதைத் தொட்டாலும் முதலில் தட்டித்தான் பார்ப்பார், கடையில் தர்பூசணி வாங்குகிற மாதிரி. அவள் தட்டவில்லை. "கதவுப் பக்கத்தத் தள்ளிட்டு வாடி, வெளிச்சம் போகுது," என்று ஓதெத் கத்தினாள். தள்ளிக்கொண்டு வந்துவிட்டாள்.

குவியலில் ஒரு பிடி மணல்கூட இல்லை.

சொந்த நாட்டில், கமகுவேயில் இருந்த காலத்தில் அப்பா நிவால்தோ பள்ளிக்கூடங்களுக்குத் தேசக் கவி மார்த்தியின் தலைச்சிலைகள் செய்தவர். கண்ணைக் கட்டிவிட்டாலும் அந்த மீசை தன் கையில் தானாக வரும் என்பார். நாடு விட்டு ஹயலீயாவுக்கு வந்த பிறகு வீட்டு முற்றங்களுக்குச் சாமிகள் செய்தார். படகிலிருக்கும் மூவரைக் காக்கும் மாதா, ஊன்றுகோலோடும் இரண்டு நாய்களோடும் நிற்கும் லாசர் கிழவர். பிறகுதான் அந்தப் போட்டி வந்தது. கலைஞர்களை ஒரு வீட்டில் பூட்டிவைத்துப் படமெடுத்தார்கள். நிவால்தோ செய்த பெண் சிலையைப் பார்த்து, "ஹோட்டல் வரவேற்பறையில் வைக்கலாம்" என்றார் நடுவர் ஒருவர்.  நிவால்தோ சம்மட்டியை எடுத்து அதை உடைத்தார்.

போட்டியில் தோற்றார். ஆனால் ஊர் முழுக்க அவரைத் தெரிந்துகொண்டது. சிலை செய்கிறவராக அல்ல, சிலை உடைக்கிறவராக. காப்பிக் கடை ஜன்னலில் நின்றால், "இன்னிக்கு எத உடைச்சே நிவால்தோ? உன் பொண்டாட்டி விட்டுட்டுப் போன மண்டையையா?" என்று சிரிப்பார்கள். அவரும் சிரிப்பார். மைலினுக்கு அந்தச் சிரிப்பைப் பார்க்கும்போதெல்லாம் எதையாவது எடுத்து எறியலாம் போலிருக்கும். சூப்பர்மார்க்கெட்டில் ஒரு சின்னப் பையன் தன் பிளாஸ்டிக் டைனோசரை அவரிடம் நீட்டி, "ஒடைங்க மாமா," என்றான். அவன் அம்மா கைபேசியைத் தூக்கிப் பிடித்திருந்தாள். அப்பா உடைத்துக் கொடுத்தார்.

இந்த லாசர் மட்டும்தான் வேறு. பக்கத்து வீட்டு மிக்தாலியா கேட்ட சிலை. அவள் கணவர் ஒரெஸ்தேயின் காலை முட்டிக்குக் கீழே எடுத்துவிட வேண்டும் என்று டாக்டர்கள் நாள் குறித்திருந்தார்கள், எல்லாம் சர்க்கரை படுத்தும் பாடு. மிக்தாலியா கிழவரிடம் நேர்ந்துகொண்டாள்: "என் புருஷன் கால் நிக்கற வரைக்கும் நீ என் முற்றத்துல நிப்பே." கால் பிழைத்தது. கட்டட வேலை பார்த்த காலத்திலிருந்து கிடந்த கம்பிகளை ஒரெஸ்தே தானே நொண்டிக்கொண்டு தூக்கி வந்து கொடுத்தார். "உள்ள இதப் போடு நிவால்தோ. என் காலுக்கு எலும்பு, இவருக்குக் கம்பி." படப்பிடிப்பு இல்லாத வேளைகளில் அப்பா தனியாக உட்கார்ந்து அதைச் செய்தார். செய்யும்போது சீட்டியடித்தார். அப்பா சீட்டியடித்துக் கேட்டு எவ்வளவு காலமாயிற்று என்று மைலினுக்கே ஞாபகமில்லை.

அதையும் ஓதெத் மோப்பம் பிடித்துவிட்டாள். சிற்பிக்குத் தன் வேலை பிடிக்காமல்போய், லாசர் திருநாளுக்கு முந்தின நாள் சிலையை உடைக்கிறான், அழுகிறான், விடிய விடிய மறுபடி செய்து கொண்டுபோய்க் கொடுக்கிறான். அதுதான் கதை. உடைக்க ஒரு போலியை அவர்களே அச்செடுத்துச் செய்தார்கள். "சாமிய உடைக்கறதா?" என்று அப்பா தயங்கியபோது, "நாளைக்குப் பாதர் தண்ணி தெளிச்சாத்தான் சாமி. இன்னிக்கு அது பிளாஸ்டர்," என்றாள். மிக்தாலியாகூட ஒத்துக்கொண்டாள். "டி.வி.ல வர்றதுன்னா கிழவரு கோவிச்சுக்க மாட்டாரு. அவருக்கும் நாலு பேர் பார்த்தா சந்தோஷந்தானே. ஆனா என் சிலை பத்திரம்."

மைலின் அப்பாவின் அருகில் போனாள். அவர் ஸ்டூலில் உட்கார்ந்து முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அப்பா."

"ம்."

அவள் தன் காலரைத் தொட்டுக்காட்டி, மைக்கை நிறுத்தும்படி ஜாடை செய்தாள். அப்பா பார்த்துக்கொண்டே இருந்தார். நிறுத்தவில்லை.

"ஒரு நிமிஷம் வெளிய வாங்களேன்."

"என்னம்மா, இங்கயே சொல்லு."

எப்படிச் சொல்வது? சொன்னால் ஓதெத்தின் காதில் விழும். விழுந்த மறு நொடியே இதுவும் ஒரு காட்சியாகிவிடும். 'மகள் செய்த தவறு.' அழச் சொல்வார்கள், சரியாக வரவில்லை என்று மறுபடி அழச் சொல்வார்கள். பல்லைக் கடித்துக்கொண்டு கம்பித் துண்டை உள்ளங்கையில் வைத்து நீட்டினாள். சிமெண்ட் இன்னும் அதில் ஒட்டியிருந்தது.

அப்பா அதைப் பார்த்தார். திடுக்கிடுவார், எழுந்து ஓடிப்போய்க் குவியலைக் கிளறுவார், தன்னை அறைந்தாலும் அறைவார் என்று அவள் காத்திருந்தாள். அறைந்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். அவர் அவள் விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி, கம்பியை அவள் கைக்குள்ளேயே மூடினார்.

"நல்லாப் பெருக்கிடு," என்றார். "யார் கால்லயாவது குத்தப் போகுது."

அப்போதுதான் அவளுக்கு அந்த அடிகள் ஞாபகம் வந்தன. முதல் அடி தோளில் விழுந்தது. ஓடாக இருந்திருந்தால் அந்த ஒரு அடியிலேயே பொலபொலவென்று கொட்டியிருக்கும். கொட்டவில்லை. ணங் என்றது. சம்மட்டி எகிறியது. அப்பா ஒரு கணம் நின்றார். நடிக்கிறார் என்றுதான் அவள் அப்போது நினைத்தாள். அடுத்த அடியைத் தோளில் போடவில்லை. கழுத்தில் போட்டார். அதற்கடுத்ததைக் கணுக்காலில். கழுத்திலும் கணுக்காலிலும் ஒற்றைக் கம்பிதான். மற்ற இடங்களிலெல்லாம் மூன்று கம்பிகளை முறுக்கிக் கட்டியிருந்தார். எங்கே அடித்தால் போகும் என்பது கட்டினவருக்குத்தானே தெரியும்.

இல்லை, தற்செயலாக விழுந்திருக்கும். ஆத்திரத்தில் அடிக்கிறவன் இடம் பார்த்தா அடிப்பான்? ஆனால் அப்பாவுக்கு ஏது ஆத்திரம்? அதுதான் நடிப்பாயிற்றே. அவள் எந்தப் பக்கம் திருப்பிப் பார்த்தாலும் கணக்கு உதைத்தது. துடைப்பத்தால் தரையைப் பிராண்டினாள். குவியல் சாக்குக்குள் போயிற்று. கம்பித் துண்டு அவள் பேன்ட் பைக்குள் போயிற்று.

மிக்தாலியா ஊதா நிற கவுனில் வந்தாள், கிழவருக்குப் பிடித்த நிறம். கையில் ஒரு சுருட்டு, அதுவும் கிழவருக்கு. ஒரெஸ்தே தடி ஊன்றிப் பின்னாலேயே வந்தார்.

"தலை நல்லா இருக்காடி மைலின்? பார்லர் போயிட்டு வந்தேன், ஒரெஸ்தே கண்டுக்கவே இல்ல."

"நான் கிழவர் மூஞ்சியப் பார்க்க வந்தேன். உன் மூஞ்சியத் தினம் பார்க்கறேன்," என்றார் ஒரெஸ்தே.

"பேசாம வாங்க, எடுத்துட்டிருக்காங்க."

ஓதெத் விரலைச் சுழற்றினாள். சிவப்பு விளக்கு எரிந்தது. அப்பா ஜன்னல் பக்கம் இருந்த துணியை உருவினார். கிழவர் நின்றார். அதே முகம், அதே புண், அதே இரண்டு நாய்கள். மிக்தாலியாவுக்கு அழுவதற்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. முட்டிபோட்டு நாயின் தலையைத் தடவினாள். சுருட்டைக் காலடியில் வைத்தாள்.

அப்பா கையைத் தூக்கினார். வேலை முடிந்த எந்தச் சிலையையும் விரல் முட்டியால் ஒரு தட்டுத் தட்டித்தான் கொடுப்பார், கமகுவேயிலிருந்தே பழக்கம். மைலின் மூச்சைப் பிடித்துக்கொண்டாள். தட்டினால் டொக்கென்று வெற்று ஓட்டின் சத்தம் கேட்கும். கேட்டால் முடிந்தது. கேட்டுத் தொலையட்டும் என்றும் இருந்தது அவளுக்கு.

கை கிழவரின் தோள்வரை போயிற்று. தட்டவில்லை. தூசு தட்டுவதுபோலத் தடவிவிட்டுக் கீழே இறங்கியது.

"ராத்திரி முழுக்க உட்கார்ந்து மறுபடி செஞ்சேன்க்கா," என்றார் அப்பா, காட்சிக்கு எழுதிக்கொடுத்ததை. "மனசு ஒப்பலே, அதான் உடைச்சேன்."

"நீ நல்லா இருப்பே தம்பி." மிக்தாலியா கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். அவள் சொல்ல வேண்டியது அவ்வளவுதான். ஆனால் மிக்தாலியாவை எழுதிக்கொடுத்த வாக்கியத்தோடு நிறுத்த யாரால் முடியும்? "முற்றத்துல நடுவுல வைக்கப்போறேன், கூரை கீரை ஒண்ணும் போடலே. வெயிலு, மழை, புயலு, எல்லாத்துக்கும் அவர் அங்கயே நிக்கணும். அப்படித்தானே வாக்குக் குடுத்தேன்."

பிளாஸ்டர் ஓடு முதல் மழைக்கே கரைந்துவிடும். அப்பாவின் பார்வை தரைக்குப் போயிற்று.

மிக்தாலியா மைலின் பக்கம் திரும்பினாள். கேமராவும் அவளோடு திரும்பியது. பைக்குள் கம்பி மைலினின் தொடையில் குத்திக்கொண்டிருந்தது. ஒரெஸ்தே தடிமேல் சாய்ந்து, நல்ல காலை ஒரு முறை மாற்றி ஊன்றிக்கொண்டு, சிரித்தபடி அவளைப் பார்த்தார்.

"உங்கப்பன் இப்போ பெரிய ஸ்டாரு, பதில் பேச மாட்டான்," என்றாள் மிக்தாலியா. "நீ சொல்லுடி கண்ணு. இவர் குடுத்த கம்பி உள்ள இருக்குல்ல?"